சாவிக்குச் சொன்ன பதில்

பெங்களூர் தொம்மலூரில் நான் செய்கிற வேலையைச் சொன்னால் என் அம்மாவே நம்புவதில்லை. காலையில் போய் உட்கார்ந்ததும் ஹெட்போனை மாட்டிக்கொள்ள வேண்டும். யார் யாரோ பேசிய தமிழ்த் துண்டுகள் ஒவ்வொன்றாக வரும். கேட்டு எழுத வேண்டும். பிறகு, பேசியவர் அந்தப் பேச்சால் என்ன செய்கிறார் என்று பார்த்து ஒரு பொத்தானை அழுத்த வேண்டும். ஒப்புதல், மறுப்பு, கேள்வி, கட்டளை என்று பொத்தான்கள் உண்டு. இப்படி அழுத்திக்கொண்டே இருந்தால் ஒருநாள் கம்ப்யூட்டருக்குத் தமிழ் வந்துவிடுமாம். வீட்டில் என் பேச்சை யாரும் காதில் போட்டுக்கொள்வதில்லை. நான் ஊரார் பேச்சைக் கேட்டுச் சம்பளம் வாங்குகிறேன்.

போன வாரம் ஒரு துண்டு வந்தது. பின்னால் வண்டிகளின் இரைச்சல். வயதான ஆண் குரல், கொஞ்சம் உரக்க, ஒரே ஒரு சொல்: "கீது." அவ்வளவுதான். கேட்டது யார், எதைக் கேட்டார்கள், ஒன்றும் இல்லை.

எங்கள் டீம் லீடர் கோயம்புத்தூர்ப் பையன், நல்ல மாதிரி. எட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னான்: "அக்கா, அந்த வார்த்தை லிஸ்ட்லயே இல்லீங்க. தெளிவில்லைன்னு போட்டுட்டு அடுத்ததுக்குப் போங்க."

"தெளிவாத்தாம்பா சொல்றாரு. கீதுன்னா இருக்குன்னு அர்த்தம். வட ஆற்காடு, தங்கவயல் பக்கமெல்லாம் அப்படித்தான் சொல்வாங்க."

"சரிங்க. என்ன இருக்குன்னு சொல்றாரு?"

நியாயமான கேள்விதான். தமிழில் இது ஒரு வசதி. 'இருக்கு' என்று மட்டும் சொல்லிவிட்டு எழுந்து போகலாம். எது இருக்கிறது என்பதைக் கேட்டவன் பார்த்துக்கொள்ள வேண்டும். ஹெட்போனைக் கழற்றி மேஜையில் வைத்தேன். அதன் பஞ்சில் ஒரு வாடை உண்டு, எத்தனையோ பேர் காது பட்ட பஞ்சு, வியர்வையும் பவுடரும் கலந்த வாடை. அதே வாடைதான் முன்பு எங்கள் அடுத்த வீட்டில் இருந்த சாமுவேல் அங்கிளின் காது மெஷின் டப்பாவில் அடிக்கும்.

அப்போது எனக்கு இருபத்து மூன்று வயது இருக்கும். பிரேசர் டவுனில் ஒரு காம்பவுண்டில் குடியிருந்தோம். வரிசையாக ஒற்றை அறை வீடுகள், நடுவே நீளமான வாசல், வாசலுக்கு ஒரே குழாய். அந்தக் குழாய் ஒழுகிக்கொண்டே இருந்தது. வீட்டுக்காரம்மா கன்னடக்காரர். ரிப்பேர் செய்யச் சொல்லிப் போய்ச் சொன்னால் "ஆய்து, ஆய்து" என்பார். என் அப்பா தமிழ்க் காதோடு கேட்டுவிட்டு, ஆச்சு என்று சந்தோஷமாகத் திரும்பி வருவார். அந்தம்மா சொன்னதற்கு, சரி, காதில் விழுந்தது, நீ கிளம்பு என்று அர்த்தம். பெங்களூரில் பிறந்து வளர்ந்த மனுஷருக்கு இது தெரியாமல் இல்லை. ஆனாலும் ஒவ்வொரு தடவையும் நம்பினார். குழாய் கடைசி வரை ஒழுகியது.

எங்களுக்கு அடுத்த வீடு சாமுவேல் அங்கிளுடையது. கோலார் தங்கவயலில் பூமிக்கு அடியில் வெடி வைக்கிற வேலையில் இருந்தவர். சுரங்கத்தை மூடியதும் மனைவி கிரேஸ் ஆன்ட்டியையும் ஒரே மகள் எஸ்தரையும் கூட்டிக்கொண்டு பெங்களூருக்கு வந்து ஒரு அபார்ட்மென்டில் செக்யூரிட்டி ஆனார். வெடிச் சத்தம் இரண்டு காதையும் தின்றுவிட்டிருந்தது. காதில் மாட்டிக்கொள்ள ஒரு மெஷின் இருந்தது. மாட்டினால் அது கீச்சென்று கத்தும், அதனால் பாதி நேரம் டப்பாவில் கிடக்கும். காது கேட்காதவர்களுக்குத் தாங்கள் எவ்வளவு உரக்கப் பேசுகிறோம் என்பதும் தெரிவதில்லை. மெதுவாகப் பேசுவதாக நினைத்துக்கொண்டு அவர் பேசினால் தெருமுனை டீக்கடையில் திரும்பிப் பார்ப்பார்கள்.

அவரோடு பேச வேண்டுமானால் எல்லோரும் கத்த வேண்டும். அதனால் அந்த வீட்டில் ரகசியம் என்று ஒன்று கிடையாது. குழம்பில் உப்பு கூடியது முதல் ஆன்ட்டிக்கு மூட்டு வலி வந்தது வரை எங்களுக்குத் தெரியும். எல்லோரையும் விடப் பெரிய தொண்டை எஸ்தர் அக்காவுக்கு. என்னை விட இரண்டு மூன்று வயது மூத்தவள். ஒரு பல் டாக்டரிடம் ரிசப்ஷனில் இருந்தாள். அங்கே தமிழ், கன்னடம், இங்கிலீஷ் மூன்றிலும் தேனாகப் பேசுவாள். "டாக்டர் இருக்காங்க, உக்காருங்க." வீட்டு வாசலை மிதித்ததும் தங்கவயல் பேச்சு வந்துவிடும். "எப்பா, டீ கீது, வா" என்று அவள் கத்தினால் வாசலின் கடைசியில் நிற்கிற அங்கிள் திரும்புவார். மெஷின் இருந்தாலும் இல்லாவிட்டாலும் அந்த ஒரு குரல் மட்டும் அவருக்கு எட்டும். காம்பவுண்டுப் பிள்ளைகள் அவளைப் போலவே கத்தி விளையாடும். கேட்டுக்கொண்டே எங்கள் வீட்டில் நாங்களும் டீ போடுவோம்.

எஸ்தர் அக்காவுக்குக் கல்யாணம் நிச்சயமானது. மாப்பிள்ளை அவர்கள் போகிற சர்ச்சிலேயே இருந்த டேனியல், நல்ல கம்பெனியில் வேலை. இரண்டு பேரும் சர்ச் பாட்டுக் குழுவில் பாடிப் பழகி விரும்பியவர்கள். டேனியலின் அம்மா தமிழ் டீச்சராக இருந்து ஓய்வு பெற்றவர். செக்யூரிட்டி வீட்டுப் பெண்ணை எடுப்பதில் அந்தம்மாவுக்குத் துளிகூட விருப்பம் இல்லை. மகன் ஒற்றைக்காலில் நின்றதால் வாயை மூடிக்கொண்டிருந்தார். அவ்வளவுதான்.

அவர்கள் சபையில் ஒரு வழக்கம் உண்டு. கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிற்றுக்கிழமை ஓலை வாசிப்பார்கள். ஓலை என்றுதான் பெயர். பாஸ்டர் கையில் இருப்பது சாதாரணத் தாள். ஓலை போய் எத்தனையோ தலைமுறை ஆகியும் சொல் மட்டும் போகவில்லை. ஆராதனை நடுவில் மாப்பிள்ளை பெண் பேரைப் படித்து, இவர்கள் சேர்வதற்குத் தடை ஏதாவது இருப்பதாக யாருக்காவது தெரிந்தால் இப்போதே சொல்லிவிட வேண்டும் என்று கேட்பார். கேட்டுவிட்டுக் கொஞ்சம் நிறுத்துவார்.

அந்த நிறுத்தத்தைப் பற்றி எஸ்தர் அக்கா முதலில் சொன்னபோது எனக்கு நம்ப முடியவில்லை. எங்கள் வீட்டுக் கல்யாணங்களில் தாலி கட்டும்போது யாராவது அபசகுனமாக எதையாவது சொல்லித் தொலைத்து, அது காதில் விழுந்துவிடக் கூடாது என்றுதான் கெட்டிமேளம் கொட்டுகிறார்கள். இவர்கள் நேர்மாறாக, சொல்வதற்கென்றே இடம் விட்டுச் சும்மா இருக்கிறார்கள். மனுஷரின் மேல் இவ்வளவு நம்பிக்கை ஆகாது என்று நினைத்துக்கொண்டேன்.

முதல் ஓலை ஒழுங்காகப் போனது. இரண்டாவது ஓலைக்கு எஸ்தர் அக்கா என்னையும் கூட்டிக்கொண்டு போனாள். அன்று காலை வாசலில் அவள் அங்கிளிடம் கத்தியது எங்கள் வீட்டுக்குள் கேட்டது. "எப்பா, மெஷின கழட்டி பாக்கெட்ல வெச்சிக்க. போன வாரம் கீச் கீச்சுன்னு ஒரே அசிங்கமா பூடுச்சி. அவங்கம்மா திரும்பித் திரும்பிப் பாக்கறாங்க." அங்கிள் சிரித்துக்கொண்டே கழற்றினார்.

சர்ச்சில் ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம். நான் கிரேஸ் ஆன்ட்டிக்குப் பக்கத்தில். நடைபாதைக்கு அந்தப் பக்கம், நேர் வரிசையில் அங்கிள். மல்லிகைப்பூவும் பெஞ்சுக்கு அடித்த வார்னிஷும் கலந்து மணத்தது. பாஸ்டர் ஓலையை எடுத்தார். பேர்களைப் படித்தார். ஆன்ட்டிக்கு அந்த நேரம் பார்த்து வண்டிச் சாவி ஞாபகம் வந்தது. அங்கிள் மொபெட்டில் சாவியை அப்படியே விட்டுவிட்டு வருகிற ஆள். ஒருதடவை வண்டியே போய்த் திரும்பக் கிடைத்தது. சர்ச்சில் கத்த முடியுமா? ஆன்ட்டி கையை லேசாகத் தூக்கி, விரல்களால் பூட்டைத் திறக்கிற மாதிரி திருப்பிக் காட்டினார். சாவி கீதா?

பாஸ்டர் தடை இருக்கிறதா என்று கேட்டுவிட்டு நிறுத்தியிருந்தார்.

அங்கிள் சட்டைப் பையைத் தட்டிப் பார்த்துவிட்டு, மெதுவாகச் சொல்வதாக நினைத்து, "கீது" என்றார்.

கூரை வரை போய்த் திரும்பி வந்தது அந்தச் சொல். பின் பெஞ்சில் இரண்டு பையன்கள் சிரித்தார்கள். பிறகு யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் கேட்டது பாஸ்டரின் கேள்வியையும் அங்கிளின் பதிலையும்தான். ஆன்ட்டியின் கேள்வி சத்தமில்லாத கேள்வி. அதைப் பார்த்தது நான் ஒருத்தி. அங்கிள் மட்டும் எல்லோரும் ஏன் தன்னைப் பார்க்கிறார்கள் என்று தெரியாமல், ஆன்ட்டிக்குப் பையைத் தட்டிக் காட்டி இன்னொரு தடவை தலையை ஆட்டினார். கவலைப்படாதே என்று.

ஆராதனை முடிந்ததும் பாஸ்டர் இரண்டு குடும்பத்தையும் அறைக்குள் கூப்பிட்டார். நானும் நுழைந்துகொண்டேன். அங்கிளுக்கு விஷயத்தைப் புரிய வைக்கவே கொஞ்ச நேரம் ஆனது. புரிந்ததும் அவர் முகம் போன போக்கை என்னால் எழுத முடியாது. பையிலிருந்து சாவியை எடுத்து எல்லோர் முன்னாலும் நீட்டினார். "சாவி சாமி. வண்டி சாவி. கிரேஸு கேட்டுச்சி, நான் கீதுன்னேன்."

பாஸ்டர் நல்லவர். "இது தடை இல்லை. தடைன்னா காரணம் சொல்லணும். இவர் என் கேள்விக்கே பதில் சொல்லலையே" என்றார்.

டேனியலின் அம்மா கைப்பையை மடியில் நேராக வைத்துக்கொண்டார். "ஐயா, சபை நடுவுல கேட்டீங்க. சபை நடுவுல பதில் வந்துச்சு. கீதுன்னா இருக்குதுன்னுதானே அர்த்தம்? தமிழ் டீச்சரா இருந்தவ நான், எனக்குத் தெரியாதா?"

"ஆன்ட்டி கையால சாவின்னு கேட்டாங்க. நான் பாத்தேன்" என்றேன்.

என் நெற்றியைப் பார்த்தார், பொட்டை. "நீ இந்துப் பொண்ணு. ஓலைன்னா என்னன்னு உனக்குத் தெரியுமாம்மா?" சிரித்துக்கொண்டுதான் கேட்டார். அந்தச் சிரிப்பை இன்றைக்கு நினைத்தாலும் எனக்குக் கை பரபரக்கிறது.

எஸ்தர் அக்கா டேனியலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் ஒரு சொல் சொன்னால் போதும். 'விடுங்கம்மா' என்றால் முடிந்தது. அவன் ஷூ லேஸைப் பார்த்துக்கொண்டிருந்தான். எங்கள் ஆபீஸில் மௌனத்துக்குப் பொத்தான் கிடையாது. அன்றைக்கு இருந்திருந்தால் அதை ஒப்புதல் என்றுதான் அழுத்தியிருப்பேன்.

மூன்றாவது ஓலையை மாப்பிள்ளை வீட்டார் நிறுத்தி வைக்கச் சொன்னார்கள். யோசிக்க வேண்டுமாம். நான் முன்னே சொன்னேனே, 'இருக்கு' என்றால் எது என்பதைக் கேட்டவன் நிரப்பிக்கொள்ள வேண்டும் என்று. சபை நிரப்பிக்கொண்டது. பெற்ற அப்பனே சொல்கிறான் என்றால் சும்மாவா என்றார்கள். பெண்ணுக்கு வலிப்பு இருக்கு. இல்லை, தங்கவயலில் ஏற்கெனவே ஒருத்தன் இருக்கு. இல்லை, அதைவிடப் பெரிசு ஏதோ இருக்கு. அங்கிள் வீடு வீடாகப் போனார். சாவியை விரலில் தொங்கவிட்டுக்கொண்டு, அவருடைய அந்தக் குரலில், "சாவிம்மா. வண்டி சாவிதான். சத்தியமா" என்று சொன்னார். எவ்வளவு உரக்கச் சொன்னாரோ அவ்வளவு பொய்யாகக் கேட்டது. ஒரு வீட்டில் பேச்சு முடிவதற்குள் கதவைச் சாத்தினார்கள். கதவு சாத்திய சத்தம் கேட்காமல் அவர் இன்னும் கொஞ்சம் பேசிவிட்டு வந்தார்.

கல்யாணம் நின்றது. டேனியலுக்கு வேறு இடத்தில் பெண் பார்த்து முடித்தார்கள். அவனுக்கு ஓலை வாசித்தபோது யாரும் வாயைத் திறக்கவில்லை.

எஸ்தர் அக்கா அழுததை நான் பார்க்கவில்லை. அங்கிளைத் திட்டியதையும் கேட்கவில்லை. மெஷினைக் கழற்றச் சொன்னது தான்தான் என்று அவள் ஒருநாளும் சொல்லவில்லை. அவரும் சொல்லிக்காட்டவில்லை. அவள் செய்தது ஒன்றே ஒன்று. அப்பாவிடம் கத்துவதை நிறுத்திவிட்டாள். பேசாமல் இல்லை, எல்லாம் பேசினாள். டாக்டரிடம் வருகிறவர்களோடு பேசுகிற அதே தேன் குரலில். "அப்பா, டீ இருக்கு. எடுத்துக்கங்க." கீது போய்விட்டது, வா போ எல்லாம் வாங்க போங்க ஆகிவிட்டது. சொல்லும்போது முகத்தை லேசாகத் திருப்பிக்கொள்வாள், உதட்டைப் பார்த்துப் படிக்க முடியாதபடி.

"இன்னாம்மா?" என்பார் அங்கிள்.

அவள் மறுபடி சொல்வாள், எரிச்சலே இல்லாமல், அதே சத்தத்தில்.

"ஆங்" என்பார். கேட்டுவிட்டது போல. டீ மேஜை மேலேயே ஆறிப்போகும்.

காம்பவுண்டில் எல்லோரும் அவளைப் புகழ்ந்தார்கள். இவ்வளவு நடந்தும் அப்பாவை ஒரு வார்த்தை சொல்கிறாளா பார், என்ன மரியாதை, என்ன அடக்கம். என் அம்மாகூட அவளைப் பார்த்துக் கற்றுக்கொள் என்றார். கிரேஸ் ஆன்ட்டி மட்டும் ஒருநாள் குழாயடியில் என்னிடம் சொன்னார்: "நாலு வார்த்த திட்டிப்புட்டா தேவலம்மா. கொடத்த தூக்கி மண்டையில போட்டாக்கூட தேவல. இது இன்னாம்மா இது."

அங்கிளும் மாறிப்போனார். யார் என்ன கேட்டாலும் பதில் சொல்லப் பயந்தார். சாப்பிட்டீங்களா என்று நாம் கத்தினால், முதலில் சுற்றிலும் பார்ப்பார், வேறு யாராவது எதையாவது கேட்கிறார்களா என்று. பிறகு தலையை மட்டும் ஆட்டுவார். மொபெட்டை விற்றுவிட்டார். கீது என்ற சொல்லை அவர் வாயிலிருந்து நான் அதற்குப் பிறகு கேட்கவில்லை, கடைசி ஒரு தடவை தவிர.

அது சில வருஷம் கழித்து. சுரங்கத் தூசி நுரையீரலில் தங்கியிருந்தது, ஆஸ்பத்திரியில் போட்டிருந்தார்கள். நான் பார்க்கப் போனேன். மூச்சு வாங்கியது, கண்ணைத் திறக்கவில்லை. மெஷின் இல்லை. ஆன்ட்டி மருந்து வாங்கப் போயிருந்தார். எஸ்தர் அக்கா கட்டிலின் தலைமாட்டில் நின்றுகொண்டிருந்தாள். அங்கிள் திடீரென்று, குரல் பாதியாகிப் போயிருந்தது, அப்படியும் பக்கத்துக் கட்டில்காரர் திரும்பிப் பார்த்தார், கேட்டார்:

"எஸ்தரு கீதா?"

அவள் குனிந்தாள். "கீறேன்பா" என்றாள். எத்தனை வருஷத்துக்குப் பிறகு அந்தச் சொல் அவள் வாயில் வந்தது. ஆனால் அந்தத் தேன் குரலிலேயே வந்தது. பக்கத்தில் நின்ற எனக்கே பாதிதான் கேட்டது.

"கீதா?" என்று மறுபடியும் கேட்டார்.

"கீறேன்பா." அதே சத்தம்.

எனக்குப் பொறுக்கவில்லை. நர்ஸ் திட்டினால் திட்டட்டும் என்று அவர் காதுக்குப் பக்கத்தில் போய்த் தொண்டை கிழியக் கத்தினேன். "கீறாங்க அங்கிள். இங்கதான் கீறாங்க."

அவருக்குக் கேட்டது. என் குரல்தான் என்றும் தெரிந்தது. கையை மெல்ல ஆட்டினார். "நீ சொல்லாதம்மா. அது சொல்லட்டும்."

நான் எஸ்தர் அக்காவைப் பார்த்தேன். கழுத்து நரம்பு புடைத்திருந்தது. வாயைப் பெரிதாகத் திறந்தாள், வாசலின் அந்தக் கடைசிக்குக் கூப்பிடுவாளே, அந்த மாதிரி. வந்தது காற்றும் அந்த மெல்லிய குரலும்தான். வஞ்சம் வைத்துத்தான் அப்படிச் சொன்னாளா, இல்லை வஞ்சம் தீர்ந்த பிறகு குரல் திரும்பி வரவில்லையா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அவளைக் கேட்கவும் எனக்குத் தைரியம் இல்லை.

அங்கிள் கொஞ்ச நேரம் காத்திருந்தார். பிறகு "ஆங்" என்றார்.

மறுநாள் மதியம் போய்விட்டார்.

காம்பவுண்டு இருந்த இடத்தில் இப்போது ஆறு மாடி அபார்ட்மென்ட். குழாய் ஒழுகுவதில்லை, யாரும் யாரையும் உரக்கக் கூப்பிடுவதும் இல்லை. அந்த சர்ச்சில் ஓலையைத் திரையில் போட்டுவிடுகிறார்கள். பாஸ்டர் புதியவர். ஒரே மூச்சில் படித்து முடித்துப் பாட்டுக்குப் போய்விடுகிறார், நடுவில் ஒரு தும்மலுக்குக்கூட இடம் இல்லை. எங்கள் ஆபீஸ் பட்டியலில் கீது இல்லை. போன வாரத்துத் துண்டுக்குத் தெளிவில்லை என்றுதான் அழுத்தினேன். வேறு வழி இல்லை.

எஸ்தர் அக்கா அதே டாக்டரிடம்தான் இருக்கிறாள். கல்யாணப் பேச்சை அதற்குப் பிறகு யாரையும் எடுக்க விடவில்லை. மாதம் ஒருதடவை போன் செய்கிறாள். அந்தக் குரலில் பாதி விழுவதில்லை. "கேக்கலக்கா, சத்தமா பேசு" என்கிறேன். மறுபடி சொல்கிறாள், எரிச்சலே இல்லாமல், அதே சத்தத்தில். இன்னொரு தடவை கேட்க எனக்கு மனசு வருவதில்லை.

"ஆங்" என்று சொல்லிவிடுகிறேன்.